கரையான் புற்றெடுக்க, பைத்தான் குடிபுக: செல்லப் பாம்புக்கு வீடு அமைக்கலாம் வாங்க

[திரையில்: கவிழ்த்து வைத்த ஒரு மண் பூந்தொட்டி. விளிம்பில் உள்ளங்கை அகலத்துக்கு ஓர் உடைசல்.]

இந்தப் பூந்தொட்டி இரண்டு பவுண்டு. விளிம்பு உடைந்திருந்ததால் கடைக்காரர் பாதி விலைக்குத் தள்ளிவிட்டார். 150 பவுண்டு கொடுத்து வாங்கிய கண்ணாடித் தொட்டி ஐந்து மாதம் செய்யாத வேலையை இது ஒன்பது நாளில் செய்தது. பட்டினி கிடந்த என் பாம்பைச் சாப்பிட வைத்தது. எப்படி என்று சொல்கிறேன், ஓட்டிவிட்டுப் பார்க்காதீர்கள். பாதி விடை உங்கள் பாட்டிக்கே தெரியும்.

வணக்கம் மக்களே. லண்டனில் ஒரு சின்ன அடுக்குமாடி வீடு, அதில் நான், என் மனைவி, உருண்டை. உருண்டை என்பது பாம்பின் பெயர். இங்கே ராயல் பைத்தான் என்பார்கள், அமெரிக்காவில் பால் பைத்தான். பயந்தால் தலையை நடுவில் வைத்துக்கொண்டு பந்து மாதிரி சுருண்டுவிடும், அதனால் அந்தப் பெயர். ஊரில் இருக்கும் என் அம்மா அதைக் கேட்டுவிட்டு, "பால் குடிக்கிற பைத்தானா? தினமும் எத்தனை லிட்டர் ஊத்துறே?" என்றார். அம்மா, அது வேறு பால். எந்தப் பாம்பும் பாலைத் தேடிக் குடிப்பதில்லை. தண்ணீர் போதும்.

ஆரம்பிக்கும் முன் சட்டம். இதை மட்டும் தயவுசெய்து கேளுங்கள். பிரிட்டனில் ராயல் பைத்தான் வளர்க்க உரிமம் தேவையில்லை. இந்தியாவில் கதையே வேறு. நம் ஊர்ச் சாரையையோ நாகத்தையோ மலைப்பாம்பையோ வீட்டில் வைத்துக்கொள்வது 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். பால் பைத்தான் வெளிநாட்டு இனம் என்றாலும் 2022இல் வந்த திருத்தத்துக்குப் பிறகு அதையும் அரசிடம் பதிவு செய்தாக வேண்டும். பாங்காக்கிலிருந்து சென்னைக்கு வந்த பெட்டிகளில் இதே பாம்புகள் பிடிபட்ட செய்தியை நீங்களே படித்திருப்பீர்கள். சிங்கப்பூரில் செல்லப் பாம்புக்கே அனுமதி கிடையாது. எனவே அங்கிருந்து பார்க்கும் சொந்தங்களே, பார்ப்பதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். என்னை நம்பி எதையும் வாங்கிவிட்டு, பிறகு கருத்துப் பெட்டியில் வந்து அழாதீர்கள்.

பாம்பைப் பற்றி நான்கு வரி. சொந்த ஊர் மேற்கு ஆப்பிரிக்கா: கானா, டோகோ, பெனின் பக்கம். நீளம் மூன்றிலிருந்து ஐந்து அடி, பெண் கொஞ்சம் பெரிது. விஷம் இல்லை. ஆயுள் சாதாரணமாக 20, 30 வருடம். அமெரிக்காவின் செயின்ட் லூயிஸ் விலங்குக் காட்சிச்சாலையில் 1961இல் வந்து சேர்ந்த ஒரு பெண் பாம்பு, அறுபது வயதைத் தாண்டிய பிறகு, 2020இல் ஏழு முட்டை இட்டது. அதுவும் பதினைந்து வருடத்துக்கு மேல் ஆண் பாம்பின் முகத்தையே பார்க்காமல்! அதாவது வீட்டுக் கடன் முடிந்த பிறகும் பாம்பு உங்களோடு இருக்கும். அதனால் அதன் வீட்டையும் யோசித்தே அமையுங்கள்.

சரி, என் தவறுக்கு வருவோம்.

[திரையில்: பழைய புகைப்படம். கண்ணாடித் தொட்டி, மேலே கம்பி வலை மூடி, உள்ளே ஒரு பிளாஸ்டிக் செடி.]

அழகாக இருக்கிறதா? எனக்கும் அப்படித்தான் இருந்தது. வரவேற்பறை நடுவில் வைத்தேன். நான்கு பக்கமும் கண்ணாடி, எங்கிருந்து பார்த்தாலும் பாம்பு தெரியும். வந்தவர்கள் எல்லாம் படம் எடுத்தார்கள். உருண்டை சாப்பாட்டை நிறுத்தியது. ஒரு மாதம், இரண்டு மாதம், ஐந்து மாதம். இந்த இனம் மாதக்கணக்கில் விரதம் இருப்பதில் பேர் போனது என்றாலும், எனக்குத் தூக்கம் போய்விட்டது. கால்நடை மருத்துவரிடம் தூக்கிக்கொண்டு ஓடினேன். எடை பார்த்தார், வாயைத் திறந்து பார்த்தார், நோய் எதுவும் இல்லை என்றார். கடைசியாக நான் காட்டிய படத்தைப் பார்த்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "இதில் அது எங்கே ஒளிந்துகொள்ளும்?"

என்னிடம் பதில் இல்லை.

வீட்டுக்குத் திரும்பும்போதுதான் பாட்டியின் குரல் காதில் விழுந்தது. "கரையான் புற்றெடுக்கக் கருநாகம் குடிபுகுந்தாற்போல." ஒருவன் உழைக்க இன்னொருவன் வந்து உட்காருவதைத் திட்டும் பழமொழி. ஆனால் அதைப் பழமொழியாகப் பார்க்காமல் ஒரு வீட்டு வரைபடமாகப் பாருங்கள். பாம்புக்குக் கையும் இல்லை, காலும் இல்லை, மண்வெட்டியும் இல்லை. பெரும்பாலான பாம்புகள் தாமாக வளை தோண்டுவதில்லை, பிறர் கட்டியதில் குடியேறும். நம் ஊர் நாகம் கரையான் புற்றிலும் எலி வளையிலும் குடியிருக்கிறது. அங்கே கானாவில், டோகோவில், ராயல் பைத்தானும் அதையேதான் செய்கிறது. கரையான் விட்டுப்போன புற்று, எலி தோண்டிய வளை. பகலில் அதற்குள் கிடக்கும், இருட்டிய பிறகு வெளியே வரும்.

புற்றுக்குள் கையை விட்டவர்கள் யாராவது இருக்கிறீர்களா? (விடாதீர்கள்.) வெளியே உச்சி வெயில் கொளுத்தினாலும் தடித்த மண் சுவருக்குள் சூடு மெதுவாகத்தான் இறங்கும். இரவு குளிர்ந்தாலும் உள்ளே சட்டென்று குளிராது. ஆப்பிரிக்காவின் பெரிய புற்றுக் கரையான்கள் உள்ளே காளான் தோட்டம் போடுகின்றன. அந்தத் தோட்டம் இருக்கும் இடம் ஏறக்குறைய 30 டிகிரியில், நல்ல ஈரப்பதத்தோடு இருக்கும். மழை விட்டதும் நம் ஊரில் புற்றுக்காளான் முளைக்கிறதே, அதற்கும் இதே குடும்பத்துக் கரையான்தான் காரணம். கரையான் போன பிறகும் அந்தச் சுவர்கள் நிற்கின்றன. இருட்டு, இதமான சூடு, லேசான ஈரம். எல்லாவற்றுக்கும் மேலே, இடுக்கம்! சுருண்டு படுத்தால் முதுகும் விலாவும் எல்லாப் பக்கமும் மண்ணில் படும். பின்னாலிருந்து எதுவும் வர முடியாது என்று அந்த உடம்புக்குத் தெரியும்.

அந்தப் பிராணியைத்தான் நான் கண்ணாடிக்குள் போட்டிருந்தேன். தீபாவளிக்கு முந்தைய ஞாயிற்றுக்கிழமை ரங்கநாதன் தெருவில், ஜவுளிக்கடை ஷோகேஸுக்குள் பாய் விரித்து உங்களைப் படுக்கச் சொல்லி, "ஏன் சாப்பிட மாட்டேன் என்கிறீர்கள், பிரியாணிதானே வைத்திருக்கிறேன்" என்று கேட்டால் எப்படி இருக்கும்? அப்படித்தான்.

புற்று என்றதும் இன்னொன்றும் நினைவுக்கு வருகிறது. பெனின் நாட்டில் வீதா என்று ஓர் ஊர். அங்கே பாம்புக் கோயில் இருக்கிறது. உள்ளே இருப்பது சிலை இல்லை, உயிருள்ள ராயல் பைத்தான்கள், பத்து இருபதல்ல, டஜன் கணக்கில். அவ்வப்போது இரை தேட வெளியே விடுகிறார்கள். அவை ஊருக்குள் யார் வீட்டுக்காவது போய்விட்டால் அந்த வீட்டுக்காரர்கள் மரியாதையோடு தூக்கிக்கொண்டு வந்து விடுவார்கள். நம் ஊர்ப் புற்றுக்கோயிலில் மஞ்சளும் குங்குமமும் வைக்கும் அக்காக்களுக்கு இந்த ஊரை மிகவும் பிடிக்கும். எனக்கு ஒருமுறையாவது போய்வர ஆசை. பயணச்செலவுக்கு வழி செய்ய விரும்புவோர் லைக் பொத்தானை அழுத்தலாம்.

[திரையில்: மீண்டும் பூந்தொட்டி.]

ஆக, வீட்டுக்குள் ஒரு புற்று வேண்டும். ஒன்றல்ல, இரண்டு. இதுதான் இந்த வீடியோவிலேயே முக்கியமான விஷயம். பாம்பு தன் உடம்புச் சூட்டைத் தானே உண்டாக்கிக்கொள்ளாது. சூடு வேண்டுமென்றால் சூடான பக்கம் போகும், போதுமென்றால் குளிர்ந்த பக்கம் வரும். ஒளிய ஒரே ஒரு இடம்தான், அதுவும் குளிர்ந்த பக்கத்தில் என்றால், அது குளிரில் நடுங்கினாலும் வெளியே வராமல் அங்கேயே கிடக்கும். பயம் சூட்டை ஜெயித்துவிடும். அப்புறம் செரிமானம் கெடும், பசி போகும். அதனால் சூட்டுப் பக்கம் ஒரு பூந்தொட்டி, குளிர்ப் பக்கம் அதே மாதிரி இன்னொரு பூந்தொட்டி. மூன்று பக்கம் மூடியிருக்க வேண்டும், வாசல் ஒன்றே ஒன்று. பாம்பு சுருண்டால் சரியாக நிரம்ப வேண்டும். "பாவம், விசாலமா இருக்கட்டுமே" என்று பெரியதை வாங்காதீர்கள். வீடுதான் பெரிதாக இருக்க வேண்டும், படுக்கையறை இல்லை. வாசலாகும் அந்த உடைந்த விளிம்பை உப்புத்தாள் போட்டு மழுங்கத் தேய்த்துவிடுங்கள். கண்ணாடியின் மூன்று பக்கத்துக்கும் வெளியிலிருந்து கறுப்பு அட்டை ஒட்டினேன். ஒன்பதாவது நாள் ராத்திரி, தொட்டி வாசலில் தலை மட்டும் தெரிந்தது. இடுக்கியில் எலியைக் காட்டினேன். பெட்டியில் உறைந்து வருவதை இளகவைத்துச் சூடாக்கிய எலிதான், உயிருள்ளது இல்லை. ஒரே பாய்ச்சல்! நான் கத்திய கத்தில் மனைவி எழுந்து வந்துவிட்டார்.

இனி பெட்டி. கண்ணாடி, மரம், பி.வி.சி., பிளாஸ்டிக் டப்பா என நான்கு வகை. கண்ணாடி சூட்டை நிறுத்தாது, மேலே வலை மூடி இருந்தால் ஈரமும் போய்விடும். மரம் சூட்டைப் பிடித்துவைக்கும், ஆனால் மூட்டுகளை அடைத்துப் பூசாவிட்டால் ஈரத்தில் ஊதிப்போகும். பி.வி.சி. இரண்டையும் சமாளிக்கும், விலைதான் கொஞ்சம் கடிக்கும். வளர்த்து விற்பவர்கள் அலமாரி இழுப்பறை மாதிரி டப்பாக்களில் அடுக்கி வைப்பார்கள். அதில் பாம்பு சாப்பிடும், உயிரோடும் இருக்கும். ஆனால் உடம்பை நீட்ட முடியாத ஓர் இழுப்பறையில் முப்பது வருடம் என்பதை என்னால் ஏற்க முடியவில்லை. திட்டுபவர்கள் கீழே திட்டலாம், படிக்கிறேன். வளர்ந்த பாம்புக்கு நான்கு அடி நீளம், இரண்டு அடி அகலம், இரண்டு அடி உயரம். உயரம் எதற்கு? நைஜீரியக் காடுகளில் ஆராய்ந்தவர்கள், ஆண் பாம்புகள் மரம் ஏறுவதையும் பறவைகளைத் தின்பதையும் 1998இலேயே எழுதிவிட்டார்கள். தடிமனான கிளை ஒன்றைச் சாய்த்துக் கட்டுங்கள். நான் இப்போது பி.வி.சி.க்கு மாறிவிட்டேன். பூந்தொட்டிகள் மட்டும் அதேதான்.

பூட்டு போடுங்கள். தலை நுழையும் சந்து இருந்தால் உடம்பும் நுழையும்.

சூடு. ஒளிந்துகொள்ளும் பூந்தொட்டிக்குள் சூட்டுப் பக்கம் 31இலிருந்து 33 டிகிரி, குளிர்ப் பக்கம் 25, 26. ஹீட்டர் எதுவானாலும், சூட்டை அளவோடு நிறுத்தும் தெர்மோஸ்டாட் இல்லாமல் மாட்டாதீர்கள். என் முதல் ஹீட் மேட்டை, அதாவது மின்சாரச் சூட்டு விரிப்பை, அப்படியே மாட்டிவிட்டு, சந்தேகத்தில் வெப்பமானியை வைத்துப் பார்த்தால் 47! தோசைக்கல் அளவுக்கு இல்லைதான். ஆனால் பாம்பு அதன் மேலேயே கிடந்து வயிற்றைச் சுட்டுக்கொள்ளும், விலகத் தெரியாது. மேலே தொங்கும் செராமிக் ஹீட்டர் என்றால் சுற்றிக் கம்பிக்கூண்டு வேண்டும், இல்லாவிட்டால் அதைச் சுற்றிக்கொள்ளும். கடையில் விற்கும் 'சூடான கல்' பக்கமே போகாதீர்கள்.

ஈரப்பதம் 60 சதவீதத்தை ஒட்டி இருக்கட்டும். லண்டன் குளிர்காலத்தில் வீட்டு ஹீட்டர் ஓடினால் காற்று அப்பளம் மாதிரி காய்ந்துவிடும். கண் நீலம் பூத்து மங்கினால் சட்டை உரிக்கப் போகிறது என்று பொருள். அப்போது 70க்கு மேலே ஏற்றுங்கள். ஈரம் சரியாக இருந்தால் காலுறையைப் புரட்டிக் கழற்றுவது போல ஒரே துண்டாகக் கழற்றிவிடும். பாம்புக்கு இமை இல்லை, கண்ணை மூடும் கண்ணாடி மாதிரியான செதிலும் சட்டையோடு வர வேண்டும். உரித்த சட்டையை எடுத்து, இரண்டு கண்ணும் வந்திருக்கிறதா என்று விளக்கில் பிடித்துப் பாருங்கள்.

ஈரத்தைப் பிடித்துவைக்கக் கீழே என்ன பரப்புவது? இங்கே ஒரு சந்தோஷம். செல்லப்பிராணிக் கடையில் பெரிய மர்மப் பொருள் போல விற்கிறார்கள், பளபளப்பான உறை, காட்டுப் படம். உடைத்தால் தேங்காய் நார்த்தூள். நம்ம கோகோபீட்! பொள்ளாச்சிப் பக்கம் செங்கல் மாதிரி அழுத்திக் கட்டி உலகம் முழுக்க அனுப்புகிறார்களே, அதே சரக்கு. என் கட்டியின் பின்பக்கம் 'இந்தியாவில் தயாரித்தது' என்று இருந்தது. ஆப்பிரிக்கப் பாம்பு, லண்டன் வீடு, தமிழ்நாட்டுத் தேங்காய் என்று மனைவியிடம் பெருமையடித்தேன், அவர் திரும்பிப் படுத்துக்கொண்டார். 650 கிராம் கட்டி ஒன்றில் தண்ணீர் ஊற்றினால் 8 லிட்டர் அளவுக்கு ஊதும். கையால் பிழிந்தால் சொட்டக் கூடாது. சேறாகிவிட்டால் வயிற்றுச் செதில் அழுகும். சீடார், பைன் மரச்சீவல் வேண்டாம், அந்த வாசனை எண்ணெய் ஆகாது.

தண்ணீர்க் கிண்ணம் கவிழாத அளவுக்குக் கனமாக இருக்கட்டும். விளக்கு பகலில் பன்னிரண்டு மணி நேரம், இரவில் முழு இருட்டு. அவ்வளவுதான்.

எல்லாம் வைத்தாயிற்று என்றதும் பாம்பைக் கொண்டுவந்து விடாதீர்கள். ஒரு வாரம் வெறும் பெட்டியை ஓடவிட்டு, காலையும் மாலையும் இரண்டு பக்கச் சூட்டையும் குறித்துவையுங்கள். ஆடினால் சரிசெய்யுங்கள். பாம்பு வந்த பிறகு ஒரு வாரம் கையில் எடுக்காதீர்கள். மாமா வந்தால்கூட எடுத்துக் காட்டாதீர்கள்.

[திரையில்: பெட்டியின் உட்புறம். வேகமாக ஓடும் காட்சி.]

இந்த வீடியோவுக்காக உருண்டையை நன்றாகக் காட்ட வேண்டும் என்று மூன்று மணி நேரம் கேமராவை ஓடவிட்டேன். இதுதான் கிடைத்தது. இரண்டு மணி நாற்பது நிமிடத்தில் வலது ஓரம் பாருங்கள். தொட்டி வாசலில் கொஞ்சம் பழுப்பாக ஒன்று தெரிகிறதே, அது வால்.