நாயைக் கண்டா கல்லைக் காணோம்: ஷெல்லிங் பார்த்த இயற்கை

எல்லாருக்கும் வணக்கம். மேடையில இருக்கிற கல்லூரி முதல்வர் அம்மா அவர்களே, தாளாளர் ஐயா அவர்களே, முழங்கால் வலியோட மாடிப்படி ஏறி வந்து முன்வரிசையில உக்காந்திருக்கிற தமிழ்த்துறையோட முன்னாள் தலைவர் ஐயா அவர்களே, ரெண்டு மாசமா விடாம போன் பண்ணி என்னை இங்க வரவெச்ச இயற்பியல் துறைத் தலைவர் அவர்களே, மைக்செட் போட்ட தம்பி, பின்னாடி நின்னுக்கிட்டே கேட்கிற பிள்ளைங்க, எல்லாருக்கும் நன்றி. பொன்னாடை போட்டீங்க, அதை வீட்ல பத்திரமா வெச்சுப்பேன். முதல்வர் அம்மா வேதியியல் படிச்சவங்கன்னு இப்பதான் சொன்னாங்க, ரொம்ப சந்தோஷம், ஏன்னா இன்னைக்கு பேச்சுல வேதியியலும் வருது.

மூணு விஷயம் சொல்லலாம்னு வந்திருக்கேன். ஒன்னு, ஜெர்மன் தத்துவ ஞானி ஷெல்லிங் இயற்கையை எப்படி பார்த்தார். ரெண்டு, கவிஞர் கதே செடியையும் நிறத்தையும் பார்த்த விதம். மூணு, இதையெல்லாம் இன்னொரு ஜெர்மன் தத்துவ ஞானி ஹெகல் எங்க கொண்டுபோய் நிறுத்தினார். அதுக்கு முன்னாடி ஒரு பழமொழி. முப்பத்தோரு வருஷம் பிளஸ் டூவுக்கு பிசிக்ஸ் எடுத்தேன், இந்தப் பழமொழியை சொல்லாம ஒரு வருஷமும் வகுப்பை ஆரம்பிச்சதில்ல. நாயைக் கண்டா கல்லைக் காணோம், கல்லைக் கண்டா நாயைக் காணோம். தெருநாயை அடிக்க கல்லு தேடுற கதைன்னு நினைச்சுக்கறாங்க, இதுக்கு இன்னொரு விளக்கமும் பெரியவங்க சொல்வாங்க. கோயில் மண்டபத்துல சிற்பி கருங்கல்லுல ஒரு நாய் செதுக்கி வெச்சிருக்கான், தூரத்துல இருந்து பாக்கறவன் ஐயோ நாயின்னு பயந்து நிக்கிறான், அப்ப அவனுக்கு கல்லு தெரியல, கிட்ட போய் தொட்டுப் பாத்து அட கல்லுதான்னு சொல்ற நிமிஷத்துல நாய் மறைஞ்சு போகுது. ரெண்டும் அங்கதான் இருக்கு, ஆனா ஒன்னா கண்ணுல படமாட்டேங்குது. இதை மனசுல வெச்சுக்கங்க.

1790ல ஜெர்மனியில ட்யூபிங்கன்னு ஒரு ஊரு, நெக்கார் ஆத்தங்கரையில ஒரு பழைய மடம், பாதிரியாராகப் போற பசங்க தங்கிப் படிக்கிற இடம். அங்க பதினஞ்சு வயசுல ஒரு பையன் வந்து சேர்றான், அவன்தான் ஷெல்லிங். கூட தங்கினவங்க ரெண்டு பேரு, அவனைவிட அஞ்சு வயசு பெரியவங்க, ஒருத்தர் ஹெகல், இன்னொருத்தர் கவிஞர் ஹோல்டர்லின். மூணு பேரும் ஒரே கூரைக்குக் கீழ! பக்கத்து நாட்டுல பிரெஞ்சுப் புரட்சி நடக்குது, இங்க பசங்க அப்ப பெரிய தத்துவ ஞானியா இருந்த கான்ட்டை படிச்சுக்கிட்டு ராத்திரி பூரா பேசறாங்க.

கான்ட் அதே 1790ல ஒரு கஷ்டமான விஷயத்தை சொல்லிட்டார். ஒரு மரத்தைப் பாருங்க, இலை இருந்தாதான் மரம் இருக்கும், மரம் இருந்தாதான் இலை இருக்கும், தன்னைத் தானே உண்டாக்கிக்கிற பொருள் அது. கடிகாரத்துல ஒரு சக்கரம் இன்னொரு சக்கரத்தை சுத்த வைக்கும், ஆனா செஞ்சு கொடுக்காது. அதனால ஒரு புல்லு முளைக்கிறதை வெறும் இயந்திர விதியை வெச்சு விளக்கறதுக்கு ஒரு நியூட்டன் வருவான்னு எதிர்பார்க்கவே கூடாதுன்னார். ஆனா உயிருள்ளது ஏதோ ஒரு நோக்கத்தோட இருக்கிற மாதிரி நாமதான் பாக்கறோம், இயற்கையே அப்படித்தான்னு சொல்ற உரிமை நமக்கு இல்லைன்னு நிறுத்திக்கிட்டார். அடுத்து வந்த தத்துவ ஞானி ஃபிக்டே ஒரேயடியா நான்ங்கிறதுல இருந்து ஆரம்பிச்சார், அவருக்கு இயற்கைன்னா நான் முட்டிக்கிட்டு தாண்டிப் போகவேண்டிய தடை, அவ்வளவுதான். எல்லாமே இயந்திரம்னு சொல்றவர் கல்லை மட்டும் பாக்கறார், ஃபிக்டே நாயை மட்டும் பாக்கறார்னு வெச்சுக்கலாம், கான்ட்டை இதுல சேர்க்கறது நியாயமில்ல, அவர் ரெண்டும் இருக்குன்னு தெரிஞ்சே கதவை சாத்தினவர்.

ஷெல்லிங் அந்தக் கதவைத் திறந்தார். 1797, வயசு இருபத்திரண்டு, முதல் இயற்கைத் தத்துவ புத்தகம் வருது. இயற்கைங்கிறது கண்ணுக்குத் தெரியிற மனசு, மனசுங்கிறது கண்ணுக்குத் தெரியாத இயற்கை, அப்படித்தான் இருக்கணும்ங்கிறார். மனசு ஆகாசத்துல இருந்து குதிச்சதில்ல, கல்லுலயும் உப்புலயும் செடியிலயும் தூங்கிக்கிட்டு இருந்த அதே ஆற்றல்தான் மனுஷன்கிட்ட வந்து கண்ணைத் திறக்குது. நான் முதல்ல படிச்சப்போ புத்தகத்தை மூடி வெச்சிட்டு வாசல்ல போய் உக்காந்துட்டேன்.

1799ல இன்னும் ஒரு படி மேல போறார். ஆத்துல தண்ணி நேரா ஓடுது, ஏதோ தடுக்குது, அங்க ஒரு சுழி விழுது. சுழியைப் பாத்தா ஒரு பொருள் மாதிரி ஒரே இடத்துல நிக்குது, ஆனா ஒவ்வொரு நிமிஷமும் அதுல புதுத் தண்ணிதான். இயற்கையில நாம பொருள்னு சொல்ற ஒவ்வொன்னும் இப்படி ஒரு சுழின்னு சொல்றார், ஓயாம உண்டாக்கிக்கிட்டே இருக்கிற ஒரு ஓட்டம், அதுக்கு எதிரா ஒரு தடை, ரெண்டும் முட்டிக்கிற இடத்துலதான் பொருள் தோணுது. நாம சுழியைப் பாத்துட்டு ஆத்தை மறந்துடறோம். நாயைக் கண்டா கல்லைக் காணோம்! அதனாலதான் காந்தத்துக்கு ரெண்டு துருவம், மின்சாரத்துல பிளஸ் மைனஸ், வேதியியல்ல அமிலம் காரம், எல்லாமே அந்த ஒரே எதிரெதிர் இழுப்போட வேற வேற படிகள்ங்கிறார். இதுக்கு முந்தின வருஷமே, 1798ல, கதே சிபாரிசுல இருபத்திமூணு வயசுல யேனா பல்கலைக்கழகத்துல பேராசிரியர் ஆயிட்டார்.

இதெல்லாம் கவிதை மாதிரி இருக்கு சார், சயின்ஸுக்கு என்ன பிரயோஜனம்னு ஒரு தம்பி முகத்துல கேள்வி தெரியுது. அந்தத் தம்பிக்காகத்தான் ரிட்டர் கதை.

யோஹான் வில்ஹெல்ம் ரிட்டர். மருந்துக்கடையில எடுபிடியா வேலை பாத்த பையன், 1796ல யேனாவுக்கு படிக்க வர்றான், கையில காசு கிடையாது. ஷெல்லிங்கோட சிஷ்யன்னு சொல்ல முடியாது, ரெண்டு பேருக்கும் ஒத்தே போகல, ஆனா அந்த ஊர்ல அப்ப வீசின காத்து ஒன்னுதான், இயற்கையில எதுவுமே ஒத்தையா இருக்காது, ஒரு துருவம் இருந்தா எதிர்த் துருவம் இருக்கும். 1800ல இங்கிலாந்துல இருந்து ஒரு செய்தி வருது. வானியலாளர் வில்லியம் ஹெர்ஷல் சூரிய ஒளியை முப்பட்டகத்துல பிரிச்சு ஒவ்வொரு நிறத்துலயும் தெர்மாமீட்டர் வெச்சுப் பாத்தாராம், சிவப்புக்கும் வெளியில, வெளிச்சமே இல்லாத இடத்துல சூடு ஏறுச்சாம். எல்லாரும் ஆச்சரியப்பட்டாங்க. ரிட்டர் மட்டும் கேட்டான், சிவப்புக்கு அந்தப் பக்கம் ஒன்னு இருக்குன்னா ஊதாவுக்கு அந்தப் பக்கம் ஏன் இருக்கக்கூடாது? ஒரு முனையில சூடு இருந்தா மறுமுனையில அதோட எதிராளி எங்க? இந்தக் கேள்வியை எந்தக் கருவியும் அவனுக்கு சொல்லல, பாத்துக்கங்க. வெளிச்சம் பட்டா கருக்கிற சில்வர் குளோரைடை காகிதத்துல தடவினான், ஊதாவுக்கும் வெளியில, கண்ணுக்கு வெறும் இருட்டா தெரியிற இடம் வரைக்கும் நீட்டி வெச்சான். அந்த இருட்டுலதான் எல்லாத்தையும்விட நல்லா கருத்துது! 1801 பிப்ரவரி. இன்னைக்கு புற ஊதாக் கதிர்னு தண்ணி ஃபில்டர் விக்கிறவர்கூட சொல்றாரே, அது அங்கதான் பிடிபட்டுது.

அதோட விட்டானா? வோல்டா கண்டுபிடிச்ச அடுக்கு மின்கலம், அதாவது பேட்டரி, புதுசா வந்திருந்த நேரம், ஒயரை எடுத்து தன் நாக்குல வெச்சான், கண்ணுல வெச்சான், காதுல வெச்சான், எந்தத் துருவத்துக்கு என்ன ருசி என்ன நிறம் என்ன சத்தம்னு எழுதி வெச்சான், கண்ணு வீங்குது, உடம்பு நடுங்குது, நிறுத்தல. கவிஞர் நோவாலிஸ் சொன்னாரு, ரிட்டர் ரிட்டர்தான், நாமெல்லாம் வெறும் பணியாளுங்கன்னு. ஜெர்மன்ல ரிட்டர்னா குதிரைவீரன்னு அர்த்தம். கடைசியில மியூனிக்ல வறுமையிலயும் நோயிலயும் 1810ல போயிட்டான், முப்பத்திமூணு வயசு. கடைசி வருஷங்கள்ல குச்சி பிடிச்சு தண்ணி பாக்கறவரை நம்பி ஆராய்ச்சி பண்ணி பேரைக் கெடுத்துக்கிட்டான், அதையும் மறைக்கக்கூடாது.

யேனாவுல ரிட்டரோட பழகின ஒரு டென்மார்க்காரர், ஓர்ஸ்டெட். கான்ட்டோட இயற்கைத் தத்துவத்தைப் பத்தி டாக்டர் பட்டம் வாங்கினவர். எல்லா விசையும் அடியில ஒன்னுதான்னு நம்பிக்கிட்டே இருந்தார், 1820ல மின்சாரம் ஓடுற கம்பிக்குப் பக்கத்துல காந்த ஊசி திரும்பினதைப் பாத்தார். உங்க வீட்டு ஃபேன், மிக்ஸி, மோட்டார் எல்லாம் அந்த ஊசி திரும்பினதுல இருந்து வந்தது.

எதிர்த்தவங்களும் இருக்காங்க. முதல்வர் அம்மாவுக்கு நல்லா தெரிஞ்ச வேதியியல் மேதை லீபிக், இளவயசுல ஷெல்லிங் வகுப்புல உக்காந்தவர், பின்னால இந்தத் தத்துவத்தை கொள்ளைநோய்னே திட்டினார். அவர் கோபத்துல நியாயம் இருக்கு, சோதனையே பண்ணாம துருவம் துருவம்னு எழுதித் தள்ளினவங்க நிறைய பேர். ஆனா ரிட்டர் சோதனை பண்ணான், ஓர்ஸ்டெட் சோதனை பண்ணார். கேள்வி தத்துவத்துல இருந்து வந்துச்சு, பதில் ஆய்வுக்கூடத்துல கிடைச்சுது. ஒன்னை வெச்சுக்கிட்டு இன்னொன்னை வெளிய தள்ளினா திரும்பவும் நாயைக் கண்டா கல்லைக் காணோம் கதைதான்.

நான் காலேஜ் படிக்கும்போது ஒரு நாள் எழுந்து, சார், விசைன்னா உண்மையில என்ன, அது பொருளா இல்ல நாம வெச்ச பேரான்னு கேட்டேன். பரீட்சைக்கு வராது உக்காருன்னார் வாத்தியார். நாப்பது வருஷம் கழிச்சு ஷெல்லிங் புத்தகத்துல அதே கேள்வி எனக்காக உக்காந்திருந்துச்சு. அந்த நாப்பது வருஷத்தை இந்தப் பிள்ளைங்களுக்கும் ஏன் கொடுக்கணும்? அதனாலதான் போற காலேஜ் எல்லாத்துலயும் இதையே கேக்கறேன், சயின்ஸ் பிள்ளைங்களுக்கு வாரத்துல ஒரு மணி நேரம், ஒரே ஒரு மணி நேரம், தத்துவ வகுப்பு வேணும். மார்க் வேண்டாம், பரீட்சை வேண்டாம். இடம்னா என்ன, உயிர்னா என்ன, விதின்னா என்னன்னு வாய்விட்டு கேக்கறதுக்கு ஒரு ரூம் வேணும். தாளாளர் ஐயா மனசு வெச்சா இந்த டெர்ம்லயே ஆரம்பிக்கலாம், நானே பஸ் ஏறி வந்து எடுக்கறேன், சம்பளம் வேண்டாம்.

ஹெகலைப் பத்தி ஒரு வார்த்தை, அவர் இயற்கையை தன் பெரிய தத்துவ அமைப்போட நடுப்பகுதியா வெச்சார், 1817ல அச்சுல வந்துச்சு, தர்க்கத்துக்கு அப்புறம் இயற்கை, அதுக்கப்புறம் மனசுன்னு வரிசை. அதை விளக்க இன்னொரு மாலை வேணும். கதேயை தொடவே இல்ல, மணி ஏழேகால் ஆயிடுச்சு, அடுத்து பரிசளிப்பு இருக்கு.

வாசல்ல நீலத் துணி போட்ட டேபிள்ல முதல்வர் அம்மாவுக்கு எழுதின கோரிக்கைக் கடிதம் இருக்கு. டீ குடிச்சிட்டு போகும்போது படிச்சுப் பாருங்க, சரின்னு பட்டா கையெழுத்து போடுங்க, பேனா அங்கேயே கட்டி வெச்சிருக்கு.