ஆஷ்வெல் கோபுரத்துக் கீறல்கள்

வணக்கம் நேயர்களே.

பள்ளிக்கூட பெஞ்சில் காம்பஸ் முள்ளால் பெயர் கீறாதவர்கள் நம்மில் குறைவு. நான் பேச வந்ததும் சில கீறல்களைப் பற்றித்தான். இங்கிலாந்தில் ஹார்ட்ஃபர்ட்ஷயரில் ஆஷ்வெல் என்றொரு கிராமம். அங்கே 14ஆம் நூற்றாண்டில் எழுந்த புனித மரியாள் ஆலயம். ஊர் சிறிசு, கோபுரமோ 176 அடி. வயல்வெளியில் நடந்து வந்தால் வீடுகளுக்கு முன்னால் கோபுரம்தான் கண்ணில் படும்.

கல் அந்தப் பக்கத்துச் சுண்ணாம்புக்கல். 'கிளஞ்ச்' என்பார்கள். சாக்பீஸை இன்னும் கொஞ்சம் கெட்டியாக்கினால் எப்படி இருக்கும், அப்படி. வெளியே மழையில் அரித்துப் போகும். உள்ளே, மழை படாத சுவரில், கத்திமுனை இருந்தால் போதும், எழுதிவிடலாம். கல் மெத்து என்பதை மட்டும் மறந்துவிடாதீர்கள்.

நான் போனபோது முதலில் எதுவுமே தெரியவில்லை. டார்ச்சை நேராக அடித்தால் வெறும் வெள்ளைச் சுவர். சுவரை ஒட்டிப் பக்கவாட்டில் பிடித்தேன். கீறல்களுக்குள் நிழல் விழுந்தது, லத்தீன் எழுத்துகள் ஒவ்வொன்றாக எழுந்து வந்தன.

ஆண்டு 1350. அப்புறம்: பரிதாபம், மூர்க்கம், கொடூரம். சாட்சி சொல்ல மிஞ்சியது கடைகெட்ட சனம் மட்டுமே.

1348இல் இங்கிலாந்துக்கு வந்த பிளேக், இரண்டே ஆண்டில் மூன்றில் ஒரு பங்கு மக்களுக்கு மேல் கொண்டுபோனது. பிழைத்தவர் தன்னையும் சேர்த்துத்தான் 'கடைகெட்ட சனம்' என்கிறார். அந்த ஒரு சொல்லை என்னால் தாண்டிப் போக முடியவில்லை. நல்லவர்கள் போய்விட்டார்கள், நாங்கள் கிடக்கிறோம் என்று துக்க வீட்டில் சொல்வார்களே, அதே குரல்.

கீறல் அத்தோடு நிற்கவில்லை. 1361இல் மௌருஸ் என்னும் பெருங்காற்று உலகில் முழங்குகிறது என்று தொடர்கிறது. நம் கணக்கில் அது 1362 ஜனவரி 15, புனித மௌருஸ் திருநாள். அப்போது அங்கே புத்தாண்டு மார்ச்சில் பிறந்ததால் ஜனவரி பழைய ஆண்டோடு சேர்ந்துவிடும். நார்விச் பேராலயத்தின் கூர்முனைக் கோபுரத்தைச் சாய்த்த காற்று அதுதான். அதற்குச் சற்று முன்னால் பிளேக் இரண்டாம் முறை வந்து பிள்ளைகளை அதிகம் வாரிக்கொண்டு போயிருந்தது. இத்தனையும் ஒரு மெத்தென்ற கல்லில். கருங்கல்லாக இருந்திருந்தால் யார் எழுதியிருப்பார்கள்?

சரி, சோகம் மட்டுமே இல்லை. மூலைகள் சரியாகப் பொருந்தவில்லை, துப்புகிறேன் என்றும் ஒருவர் தூணில் எழுதியிருப்பதாகப் படிக்கிறார்கள். வேலை தெரிந்த ஆளின் கோபம்!

தூண்கள், நடுக்கூடம், பீடப்பகுதி என்று விரிவாகச் சொல்ல நினைத்திருந்தேன். நேரம் முடிகிறது என்று கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கை காட்டுகிறார்கள். ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன். பிளேக் எழுத்துகள் இருக்கும் அதே கோபுரச் சுவரில் ஒரு பெரிய ஆலயத்தின் படமும் கீறப்பட்டிருக்கிறது. லண்டனின் பழைய செயின்ட் பால்ஸ் பேராலயம் என்கிறார்கள். அது 1666 தீயில் எரிந்துபோனது. கிராமத்துச் சுவரில் கீறிய படம் இன்னும் இருக்கிறது. போனால் டார்ச்சைப் பக்கவாட்டில் பிடியுங்கள்.

வணக்கம்.