வஸ்தான் சுரங்கத்துப் பறவை

(மும்பை மாட்டுங்காவில் தமிழன்பர்கள் நடுவே ஆற்றிய உரை)

பெரியோர்களே, தாய்மார்களே, தம்பி தங்கைகளே, வணக்கம்.

நெய்வேலிப் பக்கத்திலிருந்து இங்கே வந்து குடியேறியவர்களும் இந்த அவையில் இருப்பீர்கள். பழுப்பு நிலக்கரியைப் பற்றி உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. அதே நிலக்கரி வெட்டும் சுரங்கம் ஒன்று, இங்கிருந்து ரயிலேறினால் அரை நாளில் போய்ச் சேரும் சூரத் மாவட்டத்தில், வஸ்தானில் இருக்கிறது. அங்கே எடுத்த களிமண் படிவத்தில் சில பறவை எலும்புத் துண்டுகள் கிடைத்தன. வயது ஏறத்தாழ 5.4 கோடி ஆண்டுகள். ஜெர்மானிய ஆய்வாளர் ஜெரால்ட் மையர், நம் நாட்டு அசோக் சாஹ்னி முதலானோரோடு சேர்ந்து 2007-இல் அந்தப் பறவையின் பேரினத்துக்கு வஸ்தனாவிஸ் என்று பெயரிட்டார்.

முழு எலும்புக்கூடு கிடையாது. முக்கியமாகக் கிடைத்தது கொரகாய்டு என்னும் எலும்பு. அசைவம் சாப்பிடும் வீட்டுப் பிள்ளைகள் கோழியின் நெஞ்சுப் பகுதியில் அதைத் தேடிப் பாருங்கள். மார்பெலும்பிலிருந்து தோள்மூட்டுவரை முட்டுக்கொடுத்து நிற்கும். சிறகடிக்கும்போது தசைகள் இழுக்கிற இழுப்பில் நெஞ்சுக்கூடு நசுங்காமல் தாங்குவது அதுதான். பறவை எலும்புகளில் பெரும்பாலானவை மெல்லியவை, உள்ளே வெற்றிடம் கொண்டவை. மண்ணுக்குள் சீக்கிரம் நொறுங்கிவிடும். உறுதியான கொரகாய்டு மிஞ்சுகிறது. தோளோடு பொருந்தும் அதன் முனை குடும்பத்துக்குக் குடும்பம் வேறுபடுவதால், தேர்ந்தவர்கள் அதை வைத்தே உறவுமுறை சொல்கிறார்கள்.

அப்படிப் பார்த்ததில் வஸ்தனாவிஸ், பிரான்சின் குவெர்சிப் பகுதியில் கிடைத்த பழங்காலக் கிளியினத்தை ஒத்திருந்தது. கிளிகளின் உறவாக இருக்கலாம் என்று 2010-இல் எழுதியபோதும், கிளிகள் அடங்கும் பெரும்பிரிவான ‘வரிசை’யின் பெயருக்கு முன்னால் ஒரு கேள்விக்குறி போட்டே எழுதினார்கள். கையில் இருக்கும் துண்டுக்கு மேல் ஒரு சொல்லும் கூட்டாத அந்த நேர்மையை நான் மிகவும் மதிக்கிறேன்.

தென்கோளத்திலிருந்து கடலில் தனியே நகர்ந்துவந்த இந்திய நிலம் ஆசியாவை நெருங்கி மோதத் தொடங்கிய காலம் அது. அப்போதே இங்கே ஐரோப்பியச் சாயலில் ஒரு பறவை! அதே சுரங்கத்தில் வௌவால்களும், குதிரை, காண்டாமிருகங்களின் உறவான கம்பேதெரியமும் கிடைத்திருக்கின்றன. யார் எங்கிருந்து எங்கே போனார்கள் என்பதற்கு இந்தத் துண்டுகள்தாம் சாட்சி.

சுரங்க வேலையில் உறவினர் உள்ளவர்கள் அவர்களிடம் சொல்லுங்கள்: மண்ணில் எலும்போ பல்லோ தென்பட்டால் குப்பையோடு கொட்டிவிடாமல், அருகிலுள்ள கல்லூரிப் புவியியல் துறைக்குத் தெரிவிக்கட்டும். இனி நீங்கள் கேளுங்கள், பிள்ளைகள் முதலில்.