கோர்ட் உத்தரவை அதிகாரி மதிக்கவில்லையா? முதலில் அந்த அட்டையைத் தேடுங்கள்!

வணக்கம். பட்டாவுக்காக ஹைகோர்ட் போனீர்கள். 'மனுவைப் பரிசீலித்து 12 வாரத்தில் முடிவெடுக்க வேண்டும்' என்று தாசில்தாருக்கு உத்தரவும் வாங்கிவிட்டீர்கள். 14 வாரம் ஆகியும் பதில் இல்லை. உடனே அவமதிப்பு வழக்குப் போட்டுவிடலாமா? கொஞ்சம் பொறுங்கள்.

நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் 1971ஆம் வருடத்தது. 2020இல் வக்கீல் பிரசாந்த் பூஷணுக்கு, நீதிபதிகளை விமர்சித்த ட்வீட்டுகளுக்காக ஒரு ரூபாய் அபராதம் விதித்தார்களே, அது கிரிமினல் அவமதிப்பு, அதாவது கோர்ட்டின் மதிப்பைக் குலைப்பது. நமக்கு வேண்டியது சிவில் அவமதிப்பு, அதாவது கோர்ட் உத்தரவை வேண்டுமென்றே மீறுவது.

அதற்கு உயிரான சொல் 'வேண்டுமென்றே'. உத்தரவு தெளிவாக இருந்தது, அது அதிகாரிக்குத் தெரியும், செய்ய முடிந்தும் அவர் செய்யவில்லை. இத்தனையும் நீங்கள்தான் காட்ட வேண்டும். சிறை வரை போகும் விஷயம் என்பதால் சந்தேகம் வந்தால் அது அவருக்கே சாதகம்.

சரி, அவருக்குத் தெரியும் என்று எப்படிக் காட்டுவது? உத்தரவின் கடைசிப் பத்தியைப் படியுங்கள். பெரும்பாலும் 'இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து' என்று இருக்கும். தீர்ப்பு சொன்ன நாளிலிருந்து இல்லை! நகல் உங்கள் பீரோவிலேயே தூங்கினால் கெடு தொடங்கவே இல்லை. அதனால் நகலோடு ஒரு கடிதம் வைத்து, ஒப்புகை அட்டையுடன் தபாலில் அனுப்புங்கள். நேரில் கொடுத்தால் உங்கள் பிரதியில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். திரும்பி வரும் அட்டையில் மங்கலான ஒரு ரப்பர் ஸ்டாம்ப், ஒரு கிறுக்கல் கையெழுத்து, ஒரு தேதி. அவ்வளவுதான். ஆனால் வழக்கு நிற்பதே அதன் மேல்தான்.

அடுத்தது பலரும் ஏமாறும் இடம். 'சைக்கிள் வாங்கிக் கொடுங்கப்பா' என்பது ஒன்று, 'வாங்கலாமா என்று யோசித்துச் சொல்லுங்கப்பா' என்பது வேறு. 'பரிசீலித்து முடிவெடு' என்பது இரண்டாவது ரகம். தாசில்தார் பரிசீலித்து 'முடியாது' என்று எழுதிக் கொடுத்தாலும் உத்தரவை நிறைவேற்றியதாகத்தான் அர்த்தம். அந்த 'முடியாது' தவறென்றால் அதை எதிர்த்துத் தனியாகத்தான் முறையிட வேண்டும். இதைக் கேட்டு மனமுடைந்தவர்களை நினைத்தால் எனக்கே வருத்தமாக இருக்கிறது. வழக்குப் போடும்போதே என்ன நிவாரணம் கேட்கிறோம் என்று வக்கீலிடம் பேசிவிடுங்கள்.

அப்புறம், மீறல் நடந்து ஒரு வருடத்துக்குள் வழக்குப் போட வேண்டும். அதிகபட்சத் தண்டனை 6 மாதச் சிறை, 2,000 ரூபாய் அபராதம். அந்தத் தொகை இன்றும் அப்படியே இருப்பது எனக்கு ஆதங்கம்தான்.

இப்போது வீடியோவை நிறுத்திவிட்டு உங்கள் ஃபைலைத் திறந்து பாருங்கள். அட்டை இல்லையென்றால் நகலை இன்றே அனுப்புங்கள்.