பிக் பென் டைமை சரி பண்றது செல்லாத காசு!

வணக்கம் மக்களே! லண்டன்ல பிக் பென் இருக்குல்ல, போறவங்க எல்லாம் நின்னு போட்டோ எடுக்கற மணிக்கூண்டு, அது ஒரு நொடி முன்ன பின்ன ஓடினா எதை வெச்சு சரி பண்றாங்க தெரியுமா? செல்லாத காசு! சத்தியமா சொல்றேன். 1971லயே செல்லாமப் போன பழைய பென்னி.

கதையை வேகமா சொல்லிடறேன். இடம் வெஸ்ட்மின்ஸ்டர் அரண்மனை, பார்லிமென்ட் கூடற அதே வளாகம். 1834ல அந்தக் காலத்து மரக் கணக்குக் குச்சிகளை உலையில போட்டு எரிக்கப் போய் அரண்மனையே பத்திக்கிச்சு, திரும்பக் கட்டினப்ப எழும்பினதுதான் இந்த 96 மீட்டர் கோபுரம். 1859ல கடிகாரம் ஓட ஆரம்பிச்சுது. இப்ப காசுக்கு வருவோம்.

உள்ள ஒரு பெண்டுலம் ஆடுது, 4.4 மீட்டர் நீளம், 310 கிலோ. அதுமேல பழைய பென்னியை ஒண்ணு மேல ஒண்ணா அடுக்கி வெச்சிருக்காங்க. ஒரு காசு கூட வெச்சா கடிகாரம் ஒரு நாளைக்கு 0.4 நொடி வேகமா ஓடும், ஒண்ணு எடுத்தா அதே அளவு மெதுவாகும். காசோட எடை பத்து கிராம் கூட இல்லைங்க, அது 310 கிலோவை அசைக்குது! எடை ஏத்தினா மெதுவாத்தானே ஆகணும்னு கேப்பீங்க. ஊஞ்சலை நினைச்சுக்கோங்க. பலகையில உக்காந்து ஆடறதை விட எழுந்து நின்னு ஆடினா சீக்கிரம் சீக்கிரம் போய்ட்டு வரும்ல? நிக்கறப்ப உங்க எடை மேல ஏறிடுது, கயிறே கொஞ்சம் குட்டையான மாதிரி. காசும் அங்க அதையேதான் பண்ணுது. வீட்ல ஊஞ்சல் இருந்தா இன்னிக்கே எண்ணிப் பாத்துட்டு கமெண்ட்ல சொல்லுங்க!

இவ்ளோ துல்லியமான கடிகாரத்தை 1949ல குருவிக்கூட்டம் நாலரை நிமிஷம் பின்னாடி இழுத்துடுச்சு. நம்ம மைனா இருக்கே, அதோட சொந்தக்காரப் பறவைங்க, கும்பலா வந்து நிமிஷ முள்ளு மேல உக்காந்துடுச்சுங்க.

இன்னொண்ணு, பிக் பென்ங்கறது கோபுரத்தோட பேரே இல்ல, உள்ள தொங்கற 13.7 டன் மணியோட பேர். கோபுரம் 2012ல இருந்து எலிசபெத் டவர். அடிக்க ஆரம்பிச்ச வருஷமே அந்த மணி விரிசல் விட்டுடுச்சு, சுத்தியல் அவ்ளோ கனம். புது மணி வார்க்கல, இதையே கொஞ்சம் திருப்பி வெச்சு சின்ன சுத்தியலா மாத்தினாங்க. எனக்கு இதுதான் ரொம்பப் பிடிச்ச விஷயம், விரிசலோடவே இன்னும் அடிக்குது! ஹெட்போன் மாட்டிக்கோங்க, இப்ப அந்த சத்தத்தைப் போடறேன், கணீர்னு முடியாம கடைசியில லேசா அதிரும் பாருங்க.