கலை இயக்குநர் ஆக ஆசையா? ஊர்த் திண்ணையிலிருந்து தொடங்குங்கள்

[காட்சி: கும்பகோணம் பக்கம் ஒரு பழைய ஓட்டு வீடு. திண்ணைத் தூண், நெருக்கத்தில்.]

இந்தத் தூணில் கருப்பாக ஒரு கறை தெரிகிறதா? திண்ணையில் உட்கார்ந்தவர்கள் எண்ணெய்த் தலையோடு வருஷக்கணக்காகச் சாய்ந்ததில் படிந்தது. சென்னையில் இதே வீட்டைச் செட் போட்டால், பிளைவுட்டும் பிளாஸ்டர் ஆஃப் பாரிஸும் வைத்துத் தூண், சுவர் எல்லாம் எழுப்பிவிடலாம். கறை எந்த உயரத்தில் இருக்கும் என்றும் யோசிப்பவர்தான் நல்ல கலை இயக்குநர்.

படத்தின் மொத்தத் தோற்றத்தையும் இயக்குநர், ஒளிப்பதிவாளரோடு பேசி முடிவு செய்பவர் புரொடக்‌ஷன் டிசைனர். வரைபடம் போட்டு, தச்சர், பெயிண்டரை வைத்துக் கட்டி முடிப்பவர் ஆர்ட் டைரக்டர், அதாவது கலை இயக்குநர். உள்ளே வரும் பாத்திரம், பாய், காலண்டர் எல்லாம் செட் டெக்கரேட்டர் பொறுப்பு. நம் ஊரில் பெரும்பாலும் கலை இயக்குநரும் உதவியாளர்களுமே இத்தனையையும் பார்த்துக்கொள்கிறார்கள். ஆஸ்கரிலோ, தயாரிப்பு வடிவமைப்பு விருதைச் செட் டெக்கரேட்டருக்கும் சேர்த்தே தருகிறார்கள்.

1987-ல் வந்த ‘நாயகன்’ படத்துக்காகக் கலை இயக்குநர் தோட்டா தரணி மும்பையின் தாராவிக் குடிசைப் பகுதியைச் சென்னையிலேயே எழுப்பினார். தேசிய விருது கிடைத்தது.

[காட்சி: வைக்கோல் போர்.]

டெல்டா பிள்ளைகளுக்கு ஒரு பலம் உண்டு. ஆடிப்பெருக்குக் காட்சி எடுக்கிறோம், வாசலில் வைக்கோல் போர் வேண்டும். லாரியில் வந்து இறங்கிய புது வைக்கோல் மஞ்சளாகப் பளபளக்கும். தையில் அறுத்த சம்பா வைக்கோலோ ஆடிக்குள் வெளுத்து, மாடு தின்று போரும் பாதியாகியிருக்கும். இதை உங்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம். பத்தாயத்தில் நெல் எடுக்கும் துவாரம் அடியில் இருக்கும், நாச்சியார்கோவில் குத்துவிளக்கு எந்த வீட்டில் இருக்கும், எந்த வீட்டில் இருக்காது என்பதும் அப்படித்தான். இதெல்லாம் பெரிய சொத்து, சாதாரணமாக நினைக்காதீர்கள்.

சரி, படிப்பு? கும்பகோணத்திலேயே அரசு கவின்கலைக் கல்லூரி இருக்கிறது. புனே திரைப்படக் கல்லூரியில் கலை இயக்கத்துக்கென்றே தனிப் படிப்பு உண்டு. கட்டடக்கலை படித்துவிட்டு வருபவர்களும் இருக்கிறார்கள். எது படித்தாலும் உதவியாளராகத்தான் நுழைய வேண்டும். யூனிட் வருவதற்கு முன்பே செட் தயாராக இருக்க வேண்டும். எல்லோரும் கிளம்பிய பிறகு வாடகைப் பொருளை எண்ணித் திருப்பி அனுப்ப வேண்டும். ஆரம்பத்தில் சம்பளமும் குறைவுதான்.

வாய்ப்பு கேட்டுப் போகும்போது அழகான ஓவியம் மட்டும் போதாது. உங்கள் தெருவில் ஒரு வீட்டை டேப் வைத்து அளந்து, திண்ணை, ரேழி, முற்றம் என்று பிளான் போட்டு எடுத்துப் போங்கள். அப்புறம், அந்த வீட்டில் 1960-களில் என்னென்ன பொருள்கள் இருந்தன என்று பாட்டிகளிடம் கேட்டு ஒரு பட்டியலும் எழுதிக்கொள்ளுங்கள்.