எங்கே வலிக்கிறது என்று வரைந்து காட்டுங்கள்

எல்லாருக்கும் வணக்கம்.

இன்றைக்கு இந்த வானொலி நிலையத்துக்கு வரும்போது மெரினாவில் உழைப்பாளர் சிலையைத் தாண்டித்தான் வந்தேன். பெரம்பூரில் இருந்து கடற்கரைச் சாலைக்கு வருகிற எனக்கு அது ஆயிரம் தடவை பார்த்த சிலை. நாலு பேர் சேர்ந்து ஒரு பாறையை நகர்த்துகிறார்கள், அவ்வளவுதானே என்று பல வருஷம் தாண்டிப் போயிருக்கிறேன். என் முதுகு போன பிறகுதான் அந்த நாலு பேரின் முதுகை நின்று பார்த்தேன். எழும்பூர் ஓவியக் கல்லூரியில் முதல்வராக இருந்த தேவி பிரசாத் ராய் சௌத்ரி செய்த சிலை அது, 1959-ல் அங்கே வைத்தார்கள். ஆங்கிலத்தில் 'உழைப்பின் வெற்றி' என்று பெயர் சொன்னாலும் அந்த மனிதர்கள் யாரும் ஜெயித்த மாதிரி நிற்கவில்லை, இடுப்பு வளைந்து நரம்பு புடைத்து இன்னும் தள்ளிக்கொண்டுதான் இருக்கிறார்கள். வலி இருக்கிறவர்கள் ஒரு தடவை போய்ப் பாருங்கள், உங்களுக்குத் தெரிந்த ஆட்கள் மாதிரி இருப்பார்கள்.

நான் ஒரு பள்ளிக்கூடத்தில் ஓவிய ஆசிரியை. எட்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு மழைக்கால ராத்திரி, தண்ணீர் நின்ற ரோட்டில் பள்ளம் தெரியாமல் ஸ்கூட்டியோடு விழுந்தேன். அன்றைக்கு எழுந்து வீட்டுக்கு வந்துவிட்டேன், மூன்றாம் நாள்தான் ஆரம்பித்தது. முதலில் பார்த்த டாக்டர் எக்ஸ்ரே எடுத்து, எலும்பில் ஒன்றும் இல்லை, ரெஸ்ட் எடுங்கள் என்றார். வலி பத்துக்கு எத்தனை என்று கேட்டார். ஏழு என்றேன். ஏன் ஏழு? இன்றைக்கும் எனக்குத் தெரியாது. உட்கார்ந்தால் ஒரு வலி, இருமினால் வேறு ஒரு வலி, ராத்திரி மூன்று மணிக்கு வருவது இன்னொன்று, இது எல்லாவற்றையும் சேர்த்து ஒரே எண்ணில் எப்படிச் சொல்வது?

இந்தச் சிக்கல் எனக்கு மட்டும் வந்தது இல்லை. ரொனால்ட் மெல்சாக் என்ற ஆய்வாளர் 1975-ல், எண் மட்டும் போதாது, வலிக்குச் சொல் வேண்டும் என்று நோயாளிகள் பயன்படுத்துகிற 78 சொற்களை அடுக்கி ஒரு கேள்வித்தாளே தயாரித்தார். அதைப் படித்தபோது எனக்கு எங்கள் ஆயாதான் ஞாபகத்துக்கு வந்தாள். காதுக்குக் குடைச்சல், தேள் கொட்டினால் கடுப்பு, வயிற்றைப் பிசையும், பல் விண்விண் என்று தெறிக்கும், விலாவில் சுருக்கென்று பிடிக்கும், கால் உளையும், அப்புறம் ஒன்றுமே தெரியாமல் மரத்துப்போகும். ஆயா சொன்னால் எந்த இடம், எந்த மாதிரி என்று உடனே புரியும். கால் உளைச்சல் என்ற அதே சொல்லைத்தான் இப்போது நாம் மன உளைச்சல் என்று ஆபீசில் சொல்லிக்கொண்டிருக்கிறோம், பாருங்கள். சங்கப் பாட்டிலும் நோய் என்றால் உடம்புக்கு வருவதும் உண்டு, பிரிவுத் துயரமும் உண்டு. குறுந்தொகையில் ஒரு பெண் 'நோம் என் நெஞ்சே, நோம் என் நெஞ்சே' என்று திரும்பத் திரும்பச் சொல்கிறாள், இமையையே தீய்க்கிற மாதிரி கண்ணீர் சுடுகிறதாம். வலியைப் பற்றி ஆய்வு செய்கிறவர்களின் பன்னாட்டுச் சங்கம் 1979-ல் எழுதிய வரையறையிலும் உடம்பு உணர்வது, மனசு உணர்வது இரண்டையும் சேர்த்துத்தான் வலி என்று வைத்தார்கள்.

சரி, என் கதைக்கு வருகிறேன். படுத்தே கிடந்த ஒரு மத்தியானம், பொண்ணு விட்டுப்போன ரஃப் நோட்டில் ஒரு உடம்பின் கோட்டு உருவத்தை, பின்பக்கமாகத் திரும்பி நிற்கிற மாதிரி வரைந்து, அவளுடைய கிரேயானை எடுத்து வலியைத் தடவ ஆரம்பித்தேன். எரிகிற இடத்துக்குச் சிவப்பு. ஊசி குத்துகிற இடத்துக்குக் கருப்புப் புள்ளி. சுண்டி இழுக்கிற இடத்துக்கு மஞ்சளில் மின்னல் மாதிரி ஒரு கோடு, இடுப்பில் தொடங்கிப் புட்டம் வழியாகத் தொடை, முழங்காலுக்குக் கீழே வெளிப்பக்கம், பாதத்தின் மேல் ஏறிக் கட்டைவிரல் வரைக்கும். பத்து வயசுப் பொண்ணு ஸ்கூல் விட்டு வந்து அதைப் பார்த்துவிட்டு, "இந்த விரலுக்கு மட்டும் ஏம்மா கலரே இல்ல?" என்று கேட்டாள். அங்கே மரத்துப்போச்சு, தொட்டால்கூடத் தெரியவில்லை என்றேன். அதை நான் அதுவரைக்கும் டாக்டரிடம் சொன்னதே இல்லை. வலிக்காத இடத்தை யார் போய்ச் சொல்வார்கள்?

அடுத்து பார்த்த டாக்டரிடம் அந்த நோட்டை நீட்டினேன். அவர் சிரிக்கவில்லை. கோட்டின் மேல் விரலை வைத்துக்கொண்டே போய்க் கட்டைவிரலில் நிறுத்தி, இடுப்பில் இருந்து கிளம்புகிற எல்-5 நரம்பு இந்த வழியாகத்தான் போகும், ஸ்கேன் எடுத்துப் பார்த்துவிடலாம் என்றார். முதுகெலும்புகளுக்கு நடுவில் மெத்தை மாதிரி இருக்கிற டிஸ்க் பிதுங்கி நரம்பை அழுத்திக்கொண்டிருந்தது. டிஸ்க் எக்ஸ்ரேயில் தெரியாது, எம்ஆர்ஐ மாதிரி ஸ்கேனில்தான் தெரியும். இருபது வருஷமாகக் குழந்தைகளுக்கு மாம்பழமும் மயிலும் வரையச் சொல்லிக்கொடுத்தவள் நான், படம் வரைவது எதற்கு என்று எனக்கே அன்றைக்குத்தான் புரிந்தது என்று சொன்னால் நம்புங்கள். எனக்குள்ளேயே இருந்து என்னைத் தின்றுகொண்டிருந்த ஒன்று மேஜை மேல் கிடந்தது, அதை இன்னொருத்தர் விரல் வைத்துத் தொட்டுப் பார்த்தார். வலி குறையவில்லை. ஆனால் நான் தனியாக இல்லை.

உடம்பு வலியில் பிறந்த பாட்டு என்றால் தமிழில் நாம் முதலில் போக வேண்டிய இடம் பண்ருட்டி பக்கத்தில் இருக்கிற திருவதிகை. ஏழாம் நூற்றாண்டில் திருநாவுக்கரசர் சூலை என்ற வயிற்று நோயால் துடித்து, அக்கா திலகவதியாரிடம் வந்து சேர்ந்து, அங்கே பாடியதுதான் அவருடைய முதல் பதிகம். 'குடரோடு துடக்கி முடக்கியிட ஆற்றேன்' என்கிறார். இதை மெதுவாக வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். துடக்கி, முடக்கி. வயிற்றுக்குள் முறுக்குவது அந்த எழுத்திலேயே இருக்கிறது, சொல்லும்போது நாக்கும் மடங்குகிறது. பக்தி இருக்கிறவர்களுக்கு அது பக்திப் பாட்டு, எனக்கும்தான், ஆனால் வயிற்று வலியோடு படுத்துக் கிடக்கிற ஒருத்தருக்கு அது வேறு விதமாகவும் கேட்கும். தாங்க முடியவில்லை என்று சொல்ல அவர் கூச்சப்படவே இல்லை.

அதே நேர்மையைத்தான் மெக்சிகோ ஓவியர் ஃப்ரீடா காலோவிடம் பார்க்கிறேன். இப்போது துணிப்பையிலும் மொபைல் கவரிலும் அவர் முகத்தைப் பார்க்கிறோம், புருவம் சேர்ந்து, தலையில் பூ வைத்து. 1925 செப்டம்பரில், 18 வயதில், மெக்சிகோ நகரத்தில் அவர் போன பஸ்ஸில் டிராம் மோதி ஒரு இரும்புக் கம்பி இடுப்பைத் துளைத்துக்கொண்டு போனது. மாதக்கணக்கில் படுக்கை. படுத்தபடியே வரைய ஒரு பலகையும், தன் முகத்தைப் பார்க்கக் கட்டிலுக்கு மேலே ஒரு கண்ணாடியும் வீட்டில் ஏற்பாடு செய்துகொடுத்தார்கள். உடம்பைச் சுற்றிப் போட்ட மாவுக்கட்டின் மேலேயே பிற்பாடு படம் வரைந்திருக்கிறார். 1944-ல் வரைந்த 'உடைந்த தூண்' என்ற படத்தில் முதுகெலும்பு இருக்க வேண்டிய இடத்தில் விரிசல் விட்ட ஒரு கல்தூண், உடம்பு முழுக்க ஆணி. அந்த ஆணிகள் எல்லாம் ஒரே அளவு இல்லை, சிலது சின்னது, சிலது பெரியது. பத்துக்கு எத்தனை என்ற கேள்விக்கு நான் சொல்ல முடியாமல் முழித்த பதில் அந்தப் படத்தில் இருக்கிறது.

மனசு வலிக்கு வருகிறேன், இது எனக்குக் கொஞ்சம் கஷ்டம். இரண்டு வருஷத்துக்கு முன்னால் அம்மா போனாள். நான் அழவே இல்லை. ஐஸ் பெட்டிக்குச் சொல்வது, சாமியானா போடுவது, வருகிறவர்களுக்கு டீ வாங்குவது என்று ஓடிக்கொண்டே இருந்தேன். வியாசர்பாடியில் இருந்து பெரியம்மா வந்தாள், வாசலிலேயே தலைமுடியை அவிழ்த்துவிட்டாள், பெண்கள் ஒருத்தர் தோளை ஒருத்தர் பிடித்துக்கொண்டு உட்கார்ந்ததும் ஆரம்பித்தாள்: "அரை லிட்டரு பாலுக்குள்ள ஆறு பேருக்கு காப்பி வச்சே, ஆறிப்போன உன் காப்பிய யாரு குடிக்க வருவாங்கம்மா." அவ்வளவுதான், எனக்கு உடைந்துவிட்டது. எங்கள் எல்லாருக்கும் கொடுத்துவிட்டுத் தன் டம்ளரை அடுப்பு மேடையில் மறந்துவிடுவாள் அம்மா, தினமும். ஒப்பாரி என்றால் சும்மா சத்தம் என்று நினைக்கிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும், துக்கம் தாங்கவில்லை என்று அதில் பொதுவாக எதுவும் வராது, டம்ளர் வரும், புடவைக் கலர் வரும், வாங்கி வைத்துக் கட்டாமல் போனது வரும். உடம்பும் அதில் சேரும், மாரில் அடித்துக்கொண்டு அசைந்து அசைந்து அந்தத் தாளத்தில்தான் அழுகை வெளியே வரும். இப்போது அபார்ட்மெண்டில் யாராவது ஒப்பாரி வைத்தால் பக்கத்து வீட்டுக்காரர்கள் சங்கடப்படுகிறார்கள் என்று கதவைச் சாத்துகிறோம், எனக்கு அது ரொம்ப வருத்தமாக இருக்கிறது. அந்தப் பெண்கள் கையில் இருந்தது பெரிய கலை.

ஒன்றை மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். கலை மருந்து இல்லை. ஈஞ்சம்பாக்கத்தில் ஓவியர் கே.சி.எஸ். பணிக்கர் 1966-ல் தொடங்கிய சோழமண்டலம் ஓவியர் கிராமத்தில் ராமானுஜம் என்ற ஓவியர் இருந்தார். மனநோயோடு வாழ்ந்தவர். இங்க் பேனாவால் மாளிகை, பாம்பு, விசித்திரமான மிருகங்கள் என்று நெருக்க நெருக்கமாகக் கோடு போட்டு ஒரு உலகத்தையே உருவாக்கி, அதற்குள் தொப்பி போட்டுக்கொண்டு தானும் நடமாடினார். பார்த்தால் கண்ணை எடுக்க முடியாது. முப்பதுகளின் தொடக்கத்திலேயே, 1973-ல், அவர் போய்விட்டார். அத்தனை அருமையான படங்களும் அவரைப் பிடித்து வைக்கவில்லை. அதனால் வரைந்தால் சரியாகிவிடும் என்று யாருக்கும் நான் சொல்ல மாட்டேன். மாத்திரை சாப்பிடுகிறவர்கள் நிறுத்தாதீர்கள். வாழவே வேண்டாம் என்று தோன்றுகிற நேரத்தில் பேப்பரைத் தேடாதீர்கள், ஆளைத் தேடுங்கள், இல்லையென்றால் 104 அல்லது 14416 என்ற உதவி எண்ணுக்குக் கூப்பிடுங்கள், அந்தப் பக்கம் கேட்பதற்கென்றே உட்கார்ந்திருக்கிறார்கள்.

முதுகு கொஞ்சம் தேறியதும் எங்கள் மொட்டைமாடியில் சனிக்கிழமை சாயங்காலம் நாலைந்து பேர் கூட ஆரம்பித்தோம். வகுப்பு எதுவும் இல்லை, பாரிமுனை ஆண்டர்சன் தெருவில் வாங்கின மலிவுப் பேப்பரும் கிரேயானும்தான். வெல்டராக வேலை பார்த்து ஓய்வு பெற்ற ஒரு பெரியவர் வருவார், இரண்டு முழங்காலும் தேய்ந்துபோனவர். எல்லாரும் வலிக்குச் சிவப்பை எடுப்பார்கள், அவர் நீலத்தை எடுத்தார். ஏன் அண்ணே என்று கேட்டேன். வெல்டிங் அடிக்கும்போது கண்ணாடி இல்லாமல் பார்த்தால் ஒரு வெளிச்சம் தெரியுமே, பார்க்கவும் முடியாது, பார்க்காமலும் இருக்க முடியாது, முட்டி அப்படித்தான் வலிக்கிறது என்றார். அவருடைய வீட்டம்மா பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தார்கள். நாற்பது வருஷம் கூடவே வாழ்ந்தவர்கள், "இத ஒரு நாளும் சொன்னதே இல்லையே நீங்க" என்றார்கள்.

செய்து பார்க்க நினைக்கிறவர்களுக்கு ஒரு விஷயம். முதலில் நன்றாக இருக்காது. அமெரிக்காவில் பென்னிபேக்கர் என்ற உளவியல் ஆய்வாளர் 1986-ல் வெளியிட்ட ஆய்வில் மாணவர்களை நாலு நாள், தினம் 15 நிமிஷம், மனசை அழுத்தியதை எழுதச் சொன்னார். எழுதி முடித்த உடனே அவர்களுக்குத் துக்கம் கூடத்தான் செய்தது, ஆனால் நடந்ததையும் அதனால் பட்டதையும் சேர்த்து எழுதியவர்கள் அடுத்து வந்த மாதங்களில் டாக்டரிடம் குறைவாகவே போனார்கள். எல்லாருக்கும் அப்படி அமையாது. ரொம்பக் கலங்கினால் பேப்பரை மூடி வைத்துவிட்டு எழுந்து தண்ணீர் குடியுங்கள், நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம்.

பக்கத்தில் இருக்கிறவர்களுக்கும் சொல்ல வேண்டும். வலியில் இருக்கிற ஒருத்தர் உங்களிடம் ஒரு படத்தை நீட்டினால், ஒரு பாட்டைப் பாடிக் காட்டினால், நாலு வரி எழுதிக் கொடுத்தால், அழகாக இருக்கிறது என்று சொல்லி முடித்துவிடாதீர்கள், எல்லாம் சரியாகிவிடும் என்றும் சொல்லாதீர்கள். என் பொண்ணு கேட்ட மாதிரி கேளுங்கள். இங்கே ஏன் இந்தக் கலர், இந்த இடத்தை ஏன் வெள்ளையாக விட்டீர்கள் என்று கேட்டுவிட்டு, அவர் சொல்லி முடிக்கிற வரைக்கும் போனை எடுக்காமல் உட்கார்ந்திருங்கள்.

நன்றி. வணக்கம்.